பாதியில் நின்ற ஞானஸ்நானம்

அந்த ஊர் மருத்துவச்சிக்கு ஊரார் வைத்த பெயர் ஐயய்யோ அக்கா. பல்லி விழுந்தால் ஐயய்யோ, பால் பொங்கினால் ஐயய்யோ, கோயில் மணி வழக்கத்துக்கு மேல் ஒரு தரம் அடித்துவிட்டால் ஐயய்யோ யாரோ போய்ச் சேர்ந்துவிட்டார்கள். வலியில் கிடக்கிறவள் போடுகிற சத்தத்தைவிட இவள் போடும் கூச்சல்தான் தெருமுனை வரை கேட்கும். "பெக்கிறது அவளா, இவளா?" என்று வெளியே நிற்கும் ஆண்கள் சிரிப்பார்கள். சிரிக்கட்டும், அவர்களுக்கென்ன. வாய்தான் அப்படி, கை அப்படியில்லை. முப்பத்தெட்டு வருஷத்தில் சுற்றுவட்டாரத்துப் பிள்ளைகள் எழுநூறுக்கு மேல் அந்தக் கையில்தான் வந்து விழுந்தன. எத்தனை பயத்திலும் அந்தக் கை ஒருநாள்கூட நடுங்கியதில்லை.

அவள் கதையைச் சொல்ல வேண்டுமானால் அவள் சபையின் கதையையும் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். நாற்பது வீட்டு லுத்தரன் சபை. ஓட்டுக் கூரை, இந்தப் பக்கம் எட்டு பெஞ்சு, அந்தப் பக்கம் எட்டு, முன்னால் ஞானஸ்நானத்துக்கு ஒரு கல் தொட்டி, மேலே ஒரு மணி. கட்டி தொண்ணூறு வருஷம் ஆகிறது. இத்தனை வருஷத்தில் சொந்தமாக ஒரு போதகர் அதற்கு வாய்த்ததில்லை. ஏழு சபைக்கு ஒரு போதகர், அவர் மாதத்தில் ஒரு ஞாயிறு வருவார், மற்ற ஞாயிறுகளில் உபதேசியார் பிரசங்கத்தைப் புத்தகத்தைப் பார்த்துப் படித்துவிட்டு ஜெபம் பண்ணி அனுப்பிவிடுவார். கல்யாணம் போதகருக்காகக் காத்திருக்கும். திருவிருந்து காத்திருக்கும். பிறந்ததும் மூச்சு முட்டிக் கிடக்கிற பிள்ளை காத்திருக்குமா?

அதற்குத்தான் அந்தச் சபையில் ஆரம்பத்திலிருந்தே ஓர் ஏற்பாடு. ஊர் மருத்துவச்சி யாரோ, அவளைப் போதகர் உட்காரவைத்து அவசர ஞானஸ்நானம் கொடுக்கச் சொல்லித்தருவார். தண்ணீர் வேண்டும், பிள்ளைக்கு ஒரு பெயர் வேண்டும், பிதா, குமாரன், பரிசுத்த ஆவி என்று மூன்று நாமமும் வேண்டும். மூன்றில் ஒன்று குறைந்தாலும் அது வெறும் தண்ணீர்தான். பிள்ளை தப்பிப் பிழைத்தால், அடுத்த முறை போதகர் வரும்போது சபை முன்னால் மருத்துவச்சியை நிறுத்தி மூன்று கேள்வி கேட்பார். யார் கொடுத்தது? எதனால் கொடுத்தது? என்ன சொல்லிக் கொடுத்தது? பதில் சரியாக இருந்தால் புத்தகத்தில் எழுதுவார், கீழே சபைத் தலைவர் கையெழுத்துப் போடுவார். முடிந்தது. அதற்குப் பிறகு அந்தப் பிள்ளைக்கு மறுபடி கொடுக்கும் பேச்சே இல்லை. பிழைக்காத பிள்ளையின் பெயரும் அதே புத்தகத்தில் ஏறும்.

ஐயய்யோ அக்கா இதைக் கற்றுக்கொண்டபோது அவளுக்கு இருபத்தாறு வயது. அந்த நாலு வார்த்தையைத் தப்பில்லாமல் சொல்ல அவள் பட்ட பாடு கொஞ்சநஞ்சமில்லை. அடுப்பங்கரையில் ஒரு பூசணிக்காயை மடியில் வைத்துக்கொண்டு தண்ணீரைத் தெளித்துத் தெளித்துப் பழகினாள். அவள் புருஷன் தையற்காரர், நக்கல் பிடித்த மனுஷன். "ஏண்டி, அதுக்கு என்ன பேரு வச்ச? இனிமே அதை வெட்டிச் சமைக்கலாமா கூடாதா?" என்று கேட்டார். அவள் உண்மையாகவே பயந்துபோய் அந்தப் பூசணிக்காயை எருக்குழியில் புதைத்துவிட்டாள்.

மொத்தம் இருபத்து மூன்று தடவை அவள் அந்த வார்த்தைகளைச் சொல்லியிருக்கிறாள். பதினாலு பிள்ளைகள் போய்விட்டன. கோயிலுக்குப் பின்னால், சுவரோரம், முழங்கால் உயரத்துக்குச் சின்னச் சின்னச் சிலுவைகளாக ஒரு வரிசை இருக்கிறது. ஒன்பது பிழைத்தன. அந்த ஒன்பதில் ஒன்றைப் பற்றித்தான் இந்தக் கதை.

அது ஒரு திங்கட்கிழமை, காலை பத்து மணி. லாரிக்காரர் வீட்டில் தலைப்பிரசவம். லாரிக்காரர் வண்டியோடு எங்கேயோ போயிருந்தார். மாமியார்க்காரி வெளியே வெந்நீர் போட்டுக்கொண்டிருந்தாள். உள்ளே அக்காவும் பிள்ளை பெறுகிறவளும் மட்டும். பெண் பிள்ளை வந்து விழுந்தது, நீலம் பாரித்து, துணி மாதிரித் துவண்டு. அக்கா ரப்பர் குழாயை வாயில் விட்டு உறிஞ்சினாள், உள்ளங்காலில் தட்டினாள், முதுகைத் தேய்த்தாள். ஒன்றுமில்லை. பக்கத்தில் இருந்த தம்ளர் தண்ணீரைக் கையில் அள்ளி, பிள்ளைக்கு ஒரு பெயரைச் சொல்லி, "பிதாவின் நாமத்தில்" என்று ஒரு தரம் ஊற்றினாள். "குமாரனின் நாமத்தில்" என்று இன்னொரு தரம் ஊற்றினாள்.

வீல் என்று ஒரு சத்தம். பிள்ளை அழுதுவிட்டது.

"ஐயய்யோ, அழுதுட்டா! அழுதுட்டாடி உன் மக!" தம்ளர் எங்கே போயிற்றோ, அக்காவும் அழுதுவிட்டாள். ஆனால் அந்தச் சந்தோஷத்துக்கு ஆயுசு ஒரு நிமிஷம்தான். தாய்க்கு இரத்தம் நிற்கவில்லை. இரண்டு மணி நேரம் வயிற்றை அமுக்கிப் பிடித்துக்கொண்டு எமனோடு மல்லுக்கட்டாத குறைதான். ஒருவழியாக இரத்தம் நின்று, தாய் கண்ணைத் திறந்து, தண்ணீர் கேட்டபோது அக்காவுக்கு உயிர் போய் உயிர் வந்தது. தம்ளர் தண்ணீரும் அந்த வார்த்தைகளும் அவள் நினைப்பிலேயே இல்லை.

மூன்று வாரம் கழித்துப் போதகர் வந்தார். இப்போது இருக்கிறவர் இல்லை, அவருக்கு முன்னிருந்தவர். சுண்டுவிரலை நீட்டினால் சபையே எழுந்து நிற்கும், அப்படி ஒரு கண்டிப்பு. தொட்டிக்கு முன்னால் அக்காவை நிறுத்தினார். யார் கொடுத்தது? நான் கொடுத்தேன். எதனால்? தண்ணியால. என்ன சொல்லி? அவள் வாய் வழக்கம்போலக் கடகடவென்று மூன்று நாமத்தையும் ஒப்பித்தது. மூன்றாவதைச் சொல்லி வாயை மூடின அந்தக் கணத்தில்தான் அவளுக்கு உறைத்தது. அன்றைக்கு அதைச் சொல்லவில்லையே! போதகர் அதற்குள் பேனாவைத் திறந்துவிட்டார். தாய்க்காரி வாயெல்லாம் பல்லாகப் பிள்ளையை ஏந்திக்கொண்டு நிற்கிறாள். அக்கா வந்த வார்த்தையை மென்று விழுங்கினாள். அடுத்த ஞாயிறு சொல்லலாம், அடுத்த மாதம் சொல்லலாம் என்று இருபத்தொன்பது வருஷம் ஓடிவிட்டது.

அந்த இருபத்தொன்பது வருஷமும் அவள் பட்டதைச் சாதாரணப் பயம் என்று சொல்ல முடியாது. அந்தப் பெண்ணுக்கு ஆறு வயதில் அம்மை போட்டபோது பதினோரு நாள் அந்த வீட்டு வாசலிலேயே கிடந்தாள். மரத்தில் ஏறினால் கீழே நின்று முந்தானையை விரித்துப் பிடித்துக்கொண்டு, "ஐயய்யோ இறங்குடி, இறங்குடி!" என்று ஊரைக் கூட்டினாள். இந்தப் பிள்ளைக்கு ஏதாவது ஆகிவிட்டால், ஞானஸ்நானம் இல்லாமல் போன பிள்ளை என் கணக்கிலல்லவா வரும் என்று நினைத்து நினைத்து ராத்தூக்கம் போயிற்று. ஊருக்கு இது தெரியுமா? அவள் பாசம் என்று நினைத்தார்கள். "பெத்தவ நானா, நீங்களாக்கா?" என்று தாய்க்காரி கேலி செய்தாள். சும்மா சொல்லக் கூடாது, பயந்து பயந்தே அவளுக்கு அந்தப் பெண்மேல் பாசமும் வந்துவிட்டது. பெண்ணும் "பெரியம்மா, பெரியம்மா" என்று அவள் காலைச் சுற்றினாள்.

தப்பித்தோம் என்று ஒரு நாளாவது நிம்மதியாக இருந்திருப்பாளா? அந்தப் பெண் செய்த காரியத்தைக் கேளுங்கள். நர்சுக்குப் படித்திருக்கலாம், டீச்சருக்குப் படித்திருக்கலாம். அவள் இறையியல் கல்லூரிக்குப் போனாள். போதகராகப் போகிறாளாம். தொண்ணூறு வருஷத்தில் அந்தச் சபையிலிருந்து ஓர் ஆண்பிள்ளைகூடப் போனதில்லை. படிப்பு முடிந்தது, குருப்பட்டத்துக்கு நாளும் குறித்தாயிற்று. அதுவும் சொந்தச் சபையிலேயே, பேராயர் வந்து கொடுப்பார், அதன் பிறகு அவள்தான் இந்தச் சபைக்கு நிரந்தரப் போதகர். வீட்டுக்கு வீடு வெள்ளையடித்தார்கள். ஐயய்யோ அக்கா மட்டும் காய்ச்சலில் படுத்துவிட்டாள்.

எல்லாருக்கும் இது பிடித்திருந்ததா என்றால் இல்லை. சபைத் தலைவருக்குப் பிடிக்கவில்லை. அவர் மரக்கடைக்காரர். வாட்டசாட்டமான ஆள், அறுக்கிற மிஷின் சத்தத்தையும் மீறிப் பேசிப் பேசித் தொண்டையே அப்படி ஆகிவிட்டது. "பொம்பளை அங்கி மாட்டிக்கிட்டு நிப்பா, நான் கீழ உக்காந்து கேக்கணுமா?" என்று சபைச் சங்கக் கூட்டத்தில் மேசையைத் தட்டினார். ஓட்டெடுப்பில் ஒரே ஓட்டில் தோற்றார். தோற்றதிலிருந்து எங்கேயாவது ஒரு ஓட்டை கிடைக்காதா என்று பார்த்துக்கொண்டிருந்தார்.

அவரைக் கண்டால் அக்காவுக்கு ஆகாது. ஆகாது என்றால் வெறுப்பில்லை, பயம். அவருடைய மூத்த பிள்ளை, முப்பத்தாறு வருஷத்துக்கு முன்னால், அவள் கையில்தான் போயிற்று. அவர் மரம் வாங்க வெளியூர் போயிருந்தார், மூன்றாம் நாள் திரும்பி வந்தார், ஒரு வார்த்தை கேட்கவில்லை. அடுத்த இரண்டு பிள்ளைக்கும் மனைவியைப் பட்டணத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்விட்டார். அன்றிலிருந்து எதிரே வந்தால் அக்கா தெருவை மாறிவிடுவாள்.

குருப்பட்டத்துக்கு முந்தின நாள், சனிக்கிழமை காலை பதினோரு மணிக்கு, அந்தப் பெண்ணே அவளைத் தேடி வந்தாள்.

"பெரியம்மா, எழுந்திருங்க. போதகர் ஐயா கூப்பிடுறாரு. என் ஞானஸ்நானம் எழுதின புத்தகத்தைக் கரையான் தின்னுடுச்சு. முன்பாதி அப்படியே மண்ணாயிடுச்சு. பேராயர் ஆபீசுல சான்று கேக்குறாங்களாம். கொடுத்தவங்க நேர்ல சொன்னா போதுமாம்."

"நான்... எனக்குக் காய்ச்சல்டி."

"ரெண்டு நிமிஷம். நான் கையப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போறேன்."

கையைப் பிடித்துத்தான் கூட்டிப்போனாள். கோயிலுக்குப் பக்கவாட்டில், அங்கிகள் தொங்கும் சின்ன அறை. போதகர் புதுப் புத்தகத்தைத் திறந்துவைத்து உட்கார்ந்திருந்தார். ஜன்னலோரம் கைகட்டிக்கொண்டு மரக்கடைக்காரர். அவரைப் பார்த்ததும் அக்கா அந்தப் பெண்ணுக்குப் பின்னால் ஒதுங்கினாள்.

போதகர் சிரித்துக்கொண்டே கேட்டார், சம்பிரதாயத்துக்குத்தானே. யார் கொடுத்தது? சொன்னாள். எதனால்? சொன்னாள். என்ன சொல்லி?

"பிதாவின் நாமத்தில்..." என்றாள். "குமாரனின் நாமத்தில்..." என்றாள். அதற்குமேல் வரவில்லை. சொல்லிவிட்டால் தீர்ந்தது. மூன்றே வார்த்தை. ஏற்கெனவே ஒரு முறை சொன்ன பொய்தானே. நெற்றியிலிருந்து வேர்வை வடிந்து கண்ணில் விழுந்தது.

பெரியம்மா பதற்றத்தில் தடுமாறுகிறாள் என்று அந்தப் பெண் நினைத்தாள். பள்ளிக்கூடத்தில் பக்கத்துப் பிள்ளைக்கு எடுத்துக் கொடுப்பதுபோல, மெல்லக் குனிந்து, "பரிசுத்த..." என்று எடுத்துக் கொடுத்தாள்.

அதைத்தான் அக்காவால் தாங்க முடியவில்லை. "வேணாம், நீ சொல்லாதடி," என்று கத்தினாள். "அதை நான் சொல்லல. அன்னைக்குச் சொல்லல. நீ அழுதுட்ட. அழுததும் நான் விட்டுட்டேன். ஐயா, இந்தப் புள்ளைக்குப் பாதிதான் கொடுத்தேன். சபை முன்னாடி பொய் சொன்னேன்."

போதகர் பேனாவைக் கீழே வைத்தார். அந்தப் பெண்ணின் முகத்தில் இரத்தமே இல்லை. மரக்கடைக்காரர்தான் முதலில் பேசினார்.

"அப்போ நாளைக்கு ஒண்ணும் நடக்காது. பேராயருக்கு ஆள் அனுப்புங்க."

"எதுக்கு நடக்காது? கொடுக்காததை இப்ப கொடுத்துடலாம்," என்றார் போதகர். "புதுப் பக்கத்துல எழுதுறேன். நீங்க கையெழுத்துப் போட்டா முடிஞ்சது."

"நான் போட மாட்டேன்." சொல்லிவிட்டு அவர் வெளியே போய்விட்டார். கதவு சுவரில் மோதி நின்றது.

அந்தப் பெண் அக்காவின் கையை எப்போது விட்டாள் என்று அக்காவுக்கே தெரியாது. "ஏன் பெரியம்மா? நான் திடப்படுத்தல் வாங்கிச் சபையில முழு ஆளா சேந்தப்ப சொல்லல. காலேஜுக்குப் போனப்ப சொல்லல. நேத்துகூட சொல்லல. நான் பயப்பட மாட்டேனா? எனக்குப் பயமா இருக்கு பெரியம்மா." போய் முதல் பெஞ்சில், யாரையும் பார்க்காமல், சுவர்ப்பக்கம் திரும்பி உட்கார்ந்துவிட்டாள்.

அக்கா எப்படி வீடு வந்து சேர்ந்தாளோ. சேதி அவளுக்கு முன்னால் வந்து சேர்ந்திருந்தது. மத்தியானச் சாப்பாட்டு நேரத்துக்குள் வாசலில் ஆறேழு பெண்கள். அவள் ஞானஸ்நானம் கொடுத்துப் பிழைத்த பிள்ளைகளின் தாய்மார்.

"அக்கா, என் பையனுக்கு முழுசா சொன்னீங்களா?"

"சொன்னேன்டி. சத்தியமா சொன்னேன். மத்த எட்டும் நான் சொல்லி முடிச்ச பிறகுதான் முனகுச்சு."

"அன்னைக்கும் சொன்னேன்னுதானே சபையில சொன்னீங்க? எதை நம்புறது?"

தையற்காரர் மிஷினை நிறுத்திவிட்டு வெளியே வந்தார். வாழ்நாளில் முதல் தடவையாக அவருக்கு நக்கல் எதுவும் வாயில் வரவில்லை. பெஞ்சைப் போட்டார், உட்காருங்கள் என்றார், யாரும் உட்காரவில்லை.

நாலு மணி இருக்கும். பெண்கள் சட்டென்று பேச்சை நிறுத்தி ஒதுங்கினார்கள். மரக்கடைக்காரர் தெருவில் வந்துகொண்டிருந்தார். சட்டையில் மரத்தூள், செருப்பில்லாத கால். அக்கா எழுந்து சுவரோடு ஒட்டிக்கொண்டாள். சபையை விட்டுத் தள்ளிவைக்கத்தான் வருகிறார், கல்லறையில் எனக்கு இடம் கிடையாது என்று சொல்லத்தான் வருகிறார் என்று நினைத்தாள். ஓடவும் வழியில்லை.

அவர் படிக்குக் கீழேயே நின்றார். மிஷினையே அமுக்குகிற அந்தத் தொண்டையிலிருந்து சத்தம் வரவில்லை. இரண்டு முறை செருமினார்.

"இந்தாம்மா. என் மூத்தவனுக்கு... முழுசா சொன்னியா?"

அக்காவுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் பயம் எங்கே போயிற்று என்று தெரியவில்லை, நேராக அவர் முகத்தைப் பார்த்தாள். முப்பத்தாறு வருஷத்தில் அவள் அந்த முகத்தைப் பார்ப்பது அதுதான் முதல் தடவை.

"சொன்னேண்ணே. மூணையும் சொன்னேன். அவன் குறுக்க அழலையே அண்ணே. அழுதிருந்தா அவனுக்கும் பாதியிலதான் விட்டிருப்பேன். அழுவான் அழுவான்னு நிறுத்தி நிறுத்தித்தான் சொன்னேன். போன பதினாலு புள்ளைங்களும் என்னை முழுசா சொல்லவிட்டுச்சுங்க அண்ணே."

வாசலில் நின்ற பெண்களில் ஒருத்தி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள். அதற்குமேல் அவளிடம் யாரும் எதுவும் கேட்கவில்லை. மரக்கடைக்காரர் அப்படியே படியில் உட்கார்ந்தார்.

"அவன் அம்மாவும் போயிட்டா," என்றார். "அவகிட்ட ஒரு நாளும் நான் அந்தப் பேச்சை எடுத்ததில்ல. புத்தகத்துல எழுதியிருக்குன்னு தெரியும். பாக்க மனசு வரல. எங்க போயிடப்போகுது, இன்னொரு நாள் பாத்துக்கலாம்னு இருந்தேன். இப்ப கரையான் தின்னுடுச்சுங்கிறாங்க." நிமிர்ந்தார். "பேரு சொல்லாம ஊத்தக் கூடாதாமே. என்ன பேரு வச்ச?"

"நீங்க ஊர்ல இல்ல. அண்ணிக்கு நினைவில்ல. வேற யாரைக் கேக்குறது?" அக்கா அழ ஆரம்பித்துவிட்டாள். "உங்க அப்பா பேரைத்தாண்ணே வச்சேன்."

அவர் அந்தப் பெயரை ஒரு தரம் வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். அப்பாவைக் கூப்பிடுகிற மாதிரி இல்லை, பிள்ளையைக் கூப்பிடுகிற மாதிரி இருந்தது. பிறகு எழுந்து, "வா," என்றார்.

கோயில் திறந்தே கிடந்தது. போதகர் இருந்தார். அந்தப் பெண் காலையில் உட்கார்ந்த இடத்திலேயே, கண் வீங்கி, உட்கார்ந்திருந்தாள். மரக்கடைக்காரர் அவளைப் பார்க்கவில்லை, நேரே பக்க அறைக்குப் போய்ப் புதுப் புத்தகத்தை எடுத்துவந்து தொட்டியின் விளிம்பில் வைத்தார்.

"ஐயா, கரையான் தின்னதுல என் மூத்தவன் இருக்கான். முதல்ல அவனை எழுதுங்க. இவங்க சொல்லுவாங்க. அப்புறம் அந்தப் புள்ளைக்கு ஊத்துங்க. நான் சாட்சியா நிக்கிறேன்."

போதகர் எழுதினார். பெயர், தகப்பன் பெயர், தாய் பெயர், கொடுத்தவர். எழுதி முடித்ததும் அந்தப் பெண் பெஞ்சை விட்டு எழுந்து வந்தாள். தொட்டிக்கு முன்னால் நின்றவள் திரும்பி, "பெரியம்மா, நீங்கதானே என்னைத் தூக்கிட்டு வந்து நிக்கணும். வாங்க," என்றாள். கோபம் இன்னும் குரலில் இருந்தது. ஆனாலும் அக்கா போய்ப் பக்கத்தில் நின்றதும் அவள் கையை எடுத்துத் தன் தோளில் வைத்துக்கொண்டாள். போதகர் குனிந்த தலையில் மூன்று தரம் ஊற்றி, மூன்று நாமத்தையும் சொன்னார். மூன்றாவது முடிகிற வரைக்கும் அக்கா அந்தத் தோளைப் பிடித்த பிடி விடவில்லை. அவள் கை அன்றைக்குத்தான் நடுங்கியது.

மரக்கடைக்காரர் மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, மேல் வரியில் மகனுக்கு ஒரு கையெழுத்தும், கீழ் வரியில் அந்தப் பெண்ணுக்கு ஒரு கையெழுத்தும் போட்டார். போதகர் புத்தகத்தை மூடப் போனபோது அவர் கையை நீட்டித் தடுத்தார்.

"இருங்கய்யா," என்றார். "மை காயட்டும்."